அருவிப் பயணம்: கிரேட் 7, 8, 9 பெற்றோர்களுக்கு

அன்புள்ள பெற்றோர்களுக்கு, வணக்கம்.

நம் சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளியின் கிரேட் 7, 8, 9 பிள்ளைகளை வரும் செப்டம்பர் 5, சனிக்கிழமை நம் மொரிஷியஸ் தீவின் பிளாக் ரிவர் கோர்ஜஸ் தேசியப் பூங்காவுக்கு அழைத்துப் போகிறோம். 48 பிள்ளைகள், 6 ஆசிரியர்கள், உரிமம் பெற்ற 2 வழிகாட்டிகள், 2 பேருந்துகள். புரட்டாசி பிறந்துவிட்டால் சனிக்கிழமைதோறும் விரதமும் கோவிந்தன் பூசையும் இருக்கும், பிள்ளைகளை வீட்டிலிருந்து பிரிக்க முடியாது. அதனால்தான் முன்கூட்டியே இந்த நாளைப் பிடித்தோம். தமிழ் வாசிக்கச் சிரமப்படும் வீடுகளில் பிள்ளையையே உரக்க வாசித்துக் காட்டச் சொல்லுங்கள். அதுவும் பாடம்தான்.

ரோஸ்ஹில்லில் பள்ளி வாசலிலிருந்து பேருந்து காலை 7:00 மணிக்குக் கிளம்பும். 6:45க்குப் பிள்ளை அங்கே நிற்க வேண்டும். வாக்குவா, லா மாரி, மார் ஓ வாக்குவா நீர்த்தேக்கம், பிறகு பூங்கா வாசலான பெத்ரேன். மகாசிவராத்திரிக்குக் காவடி தோளில் ஏற்றி மக்கள் கங்கா தலாவ் ஏரிக்கு நடந்து போகும் அதே பக்கம்தான், வழி உங்களுக்குத் தெரிந்தது. பெத்ரேனில் கழிப்பறைக்கு மட்டும் நிறுத்திவிட்டு, பிளேன் ஷாம்பாஞ் மேட்டுச் சாலையில் நேரே கோர்ஜஸ் காட்சிமேடைக்குப் போவோம். அங்கிருந்து திரும்பும் வழியில் அலெக்சாண்ட்ரா அருவி. மதியம் மீண்டும் பெத்ரேன், சாப்பாடு, புதர்க்காட்டு நடை. மாலை 4:00 மணிக்குப் பள்ளி வாசலில் இறக்கிவிடுவோம்.

வழியில் முதலில் வரும் பெத்ரேனைக் கடைசிக்குத் தள்ளியதற்குக் காரணம் மேகம். தென்கிழக்குக் காற்று கடலிலிருந்து ஈரத்தை அள்ளிவந்து இந்த மேட்டில்தான் இறக்குகிறது. மேற்குக் கரையில் ஆண்டுக்கு 900 மில்லிமீட்டர் அளவில் பெய்யும் மழை, நடு மேட்டில் 4,000 வரை போகும். பகல் ஏற ஏறப் பனிமூட்டம் கூடும், பிற்பகலில் காட்சிமேடைக்குப் போனால் எதிரே வெள்ளைச் சுவர்தான். காலையிலும் மூடியிருக்கலாம். மூடியிருந்தால் 15 நிமிடம் காத்திருப்போம். காற்று மேகத்தைத் தள்ளிக்கொண்டு போகும்போது பள்ளத்தாக்கு திடீரென்று திறக்கும், கீழே வால் நீண்ட வெள்ளைப் பறவை வட்டமிடுவது தெரியும். ஏர் மொரிஷியஸ் விமானத்தின் வாலில் வரைந்திருக்கும் அதே பாய் ஆன் க்யூ.

இது அருவியை மேலிருந்து பார்க்கும் பயணம். தண்ணீரில் இறங்கும் பயணம் அல்ல. நீச்சல் உடை, மாற்று அரைக்கால்சட்டை எதுவும் பையில் வேண்டாம், இருந்தால் ஆசை வரும். ஃபேஸ்புக்கில் படம் பார்த்துவிட்டுச் சில பெற்றோர் ‘ஏன் செத் கஸ்காட் போகக்கூடாது?’ என்று கேட்டிருந்தீர்கள். ஏழு அருவிகளும் அழகுதான், மறுக்கவில்லை. ஆனால் ஹென்ரியெட்டாவிலிருந்து இறங்கும் பாதை செங்குத்தான களிமண். மழை பெய்த மறுநாள் வேரைப் பிடித்துக்கொண்டுதான் இறங்க வேண்டும், ஏறுவது அதைவிடப் பாடு. கீழே ஆற்றைக் கடக்கும் இடங்களில் பாறை எரிமலைக் கருங்கல். அதன்மேல் பாசி படிந்து காயாமல் இருந்தால் சோப்புப் பூசிய ஓடுபோல. அதைவிடப் பெரிய பயம் வேறு. நம் தலைக்குமேல் வெயிலடிக்கும்போதே மேட்டில் மழை கொட்டிக்கொண்டிருக்கலாம். அந்தத் தண்ணீர் குறுகிய பள்ளத்தாக்கில் சில நிமிடங்களில் வந்து சேரும். தெளிந்த நீர் திடீரென்று கலங்குவது, இலையும் சுள்ளியும் மிதந்து வருவது, இரைச்சல் தடிப்பது, இவற்றில் ஒன்று தெரிந்தாலும் உடனே கரையேற வேண்டும். 48 பிள்ளைகளை ஒரே மூச்சில் கரையேற்ற எந்த ஆசிரியராலும் முடியாது. குடும்பத்தோடு நீங்கள் போகும்போது இந்த அடையாளங்களை நினைவில் வையுங்கள். ஷாமாரெல் அருவியைச் சேர்க்காததற்குக் காரணம் சின்னது: அது தனியார் நிலத்தில் இருக்கிறது, தனிச் சீட்டு வாங்க வேண்டும், அப்பால் இறங்கும் கொண்டையூசி வளைவுகளில் பாதிப் பேருந்து வாந்தி எடுக்கும்.

அலெக்சாண்ட்ராவில் வண்டி நிறுத்துமிடத்திலிருந்து காட்சிமேடை வரை மரநிழலில் சிறு நடைதான். மேடையில் நின்றால் ஒரு பக்கம் அருவி, இன்னொரு பக்கம் தென் கரையும் கடலும். மேடைக்கு ஒரு நேரத்தில் ஒரு குழு மட்டுமே போகும். 8 பிள்ளைகளுக்கு ஓர் ஆசிரியர், குழுவின் முன்னும் பின்னும் யார் என்பது முன்பே பெயர் குறித்து வைக்கப்படும். கம்பித் தடுப்பில் ஏறுவது, தடுப்புக்கு அப்பால் கை நீட்டிப் படம் எடுப்பது, இரண்டில் எதைச் செய்தாலும் அந்தப் பிள்ளை மீதி நாளைப் பேருந்தில் கழிக்கும். இதில் இரண்டாம் எச்சரிக்கை கிடையாது. வீட்டிலேயே சொல்லி அனுப்புங்கள்.

இனி காலில் போடுவது. நாள் நன்றாகப் போகுமா கெடுமா என்பதை இதுதான் தீர்மானிக்கும். அடியில் வரிப்பள்ளம் உள்ள, ஏற்கெனவே போட்டுப் பழகிய ஷூ வேண்டும். புதிய ஷூ வாங்கித் தர நினைத்தால் இரண்டு வாரம் முன்பே வாங்கி நடக்கவிடுங்கள், இல்லையென்றால் பத்து மணிக்கே குதிகாலில் கொப்புளம். சவாத்து (ரப்பர் செருப்பு) போட்டு வருகிற பிள்ளையை ஏற்றமாட்டோம். அடிப்பக்கம் தேய்ந்து வழவழப்பான பள்ளி ஷூவும் கூடாது. ஒரு சோதனை உண்டு: குளியலறைத் தரையை நனைத்துவிட்டுப் பிள்ளையை ஷூவோடு நிற்கச் சொல்லி லேசாகத் தள்ளிப் பாருங்கள். வழுக்கினால் வேறு ஷூ. வெள்ளிக்கிழமை இரவு ஷூவின் அடியைப் பிரஷ் போட்டுத் தேய்த்து, பள்ளத்தில் ஒட்டிய மண்ணை ஈர்க்குச்சியால் நோண்டி எடுத்துவிடுங்கள். இது சுத்தத்துக்காக மட்டுமல்ல, மண்ணோடு அயல் விதைகளும் காட்டுக்குள் போகும். கோயாவ் தெ ஷின் பறிக்க நாம் எல்லாருமே பிளேன் ஷாம்பாஞ் போகிறவர்கள்தான், ஜாம் செய்யாத வீடு இல்லை. அந்தச் சீனக் கொய்யாதான் இங்கே காட்டின் முதல் எதிரி. குரங்கும் காட்டுப்பன்றியும் பறவையும் பழத்தைத் தின்று விதையை எங்கும் போடுகின்றன. அது நெருக்கமாக முளைத்து மண்ணைக் கவிந்துகொண்டால் கருங்காலிக் கன்று தலை தூக்க முடியாது. தீவின் பரப்பில் பழைய சொந்தக் காடு 2 விழுக்காட்டுக்கும் குறைவாகவே மிஞ்சியிருக்கிறது.

உடையில் ஒன்றே ஒன்று முக்கியம்: ஜீன்ஸ் வேண்டாம். நனைந்தால் கனக்கும், காயாது, மேட்டில் காற்றடிக்கும்போது குளிர் எலும்பில் ஏறும். செப்டம்பர் காலையில் அங்கே கரையைவிட நாலைந்து பாகை குறைவாக இருக்கும். மெல்லிய நீளக் கால்சட்டை, முழுக்கைச் சட்டை, ஒரு ஸ்வெட்டர், தலைமூடியுள்ள மழைக்கோட்டு. குடை கூடாது: காற்றில் திரும்பிக்கொள்ளும், பின்னால் வருகிற பிள்ளையின் கண்ணில் குத்தும். ஒரு ஜோடி மாற்றுக் காலுறையும் ஒரு துவாலையும் பேருந்திலேயே இருக்கட்டும்.

சாப்பாடு வீட்டிலிருந்துதான். எலுமிச்சைச் சாதம், புளிச்சாதம், அச்சார் வைத்துச் சுருட்டிய ஃபராத்தா எல்லாம் நல்லது. பருப்பு பூரி ஆறினால் விரைத்துப்போகும், ரூழாய் (தக்காளிக் குழம்பு) வைத்தால் ஊறிக் கிழியும், வேண்டாம். தண்ணீர் ஒன்றரை லிட்டர், குளிராக இருக்கிறது என்று குறைக்க வேண்டாம். காலை கிளம்புமுன் பாலும் எண்ணெய்ப் பலகாரமும் கொடுக்காமல் இரண்டு இட்லியோ ரொட்டியோ கொடுங்கள். பேருந்தில் குமட்டுகிற பிள்ளைகளின் பெயரை முன்பே சொன்னால் முன் வரிசையில் உட்கார வைப்போம்.

சாப்பாட்டுப் பெட்டிக்கு இறுக்கமான மூடி வேண்டும், பெட்டி பைக்குள், பையின் ஜிப் முழுக்க மூடியபடி. ஏனென்றால் காட்சிமேடையில் குரங்குகள் காத்திருக்கும். அவை தீவின் சொந்த விலங்கு அல்ல, கப்பலில் வந்தவை. சுற்றுலாக்காரர் கொடுத்துப் பழக்கிவிட்டார்கள். சரசரக்கும் சத்தம் கேட்டால் உணவு என்று அவற்றுக்குத் தெரியும், கையில் தொங்கும் பையைப் பறிக்கும். பறித்தால் விட்டுவிட வேண்டும், இழுக்கக்கூடாது, இழுத்தால்தான் கடிக்கும். கண்ணை உற்றுப் பார்ப்பதும் பல்லைக் காட்டிச் சிரிப்பதும் அதற்குச் சண்டைக்கு அழைப்பு. கடியோ கீறலோ பட்டால் ஓடும் தண்ணீரில் சோப்புப் போட்டு 15 நிமிடம் கழுவி, காந்தோஸ் விக்டோரியா மருத்துவமனைக்கு அழைத்துப் போவோம்.

குரங்கைவிட எனக்குக் கவலை மூஷ் ஜோன். இந்த மஞ்சள் குளவி இடுப்பளவுப் புதரில் இலைக்கு அடியில் கூடு கட்டும், கண்ணில் படாது. பாதையை விட்டு விலகிக் கிளையை அசைத்தால்தான் வரும். அதனால் பாதையை விட்டு விலகக்கூடாது என்பது வெறும் ஒழுங்குக்காகச் சொல்வதல்ல. வந்துவிட்டால் கையை வீசாமல், முகத்தை மூடிக்கொண்டு, வந்த வழியே விறுவிறுவென்று பின்வாங்க வேண்டும். முன்பு குளவி கொட்டி உதடு வீங்கியது, மூச்சு முட்டியது என்று இருந்தால் ஒப்புதல் தாளில் கட்டாயம் எழுதுங்கள், மருந்தையும் கொடுத்தனுப்புங்கள். ஆஸ்துமா உள்ள பிள்ளையிடம் பஃப் (மூச்சில் இழுக்கும் மருந்து) ஒன்றும், ஆசிரியரிடம் இன்னொன்றும் இருக்க வேண்டும். பேருந்தில் விட்டுவிட்டு வந்த பஃப் யாருக்கும் உதவாது.

தண்ணீரில் இறங்காவிட்டாலும் சேறு காலில் படும். எலிக்காய்ச்சல் நம் தீவில் உண்டு. எலியின் சிறுநீர் கலந்த சேற்றிலும் தேங்கிய நீரிலும் கிருமி இருக்கும், தோலில் வெட்டோ சிராய்ப்போ இருந்தால் உள்ளே போகும். காலில் புண் இருந்தால் தண்ணீர் புகாத பிளாஸ்திரி ஒட்டி அனுப்புங்கள். வீடு திரும்பியதும் சோப்புப் போட்டுக் குளிக்கட்டும். பெரும்பாலும் ஒன்று இரண்டு வாரத்தில், சில சமயம் ஒரு மாதம் வரைகூட, திடீர்க் காய்ச்சல், கெண்டைக்கால் வலி, கண் சிவப்பு வந்தால் சாதாரணக் காய்ச்சல் என்று பனடோல் கொடுத்து வைத்திருக்காமல் மருத்துவரிடம் போய், காட்டுக்குப் போய்வந்ததையும் சொல்லுங்கள். சொன்னால்தான் அவர் அந்தப் பக்கம் யோசிப்பார்.

பெத்ரேனில் என்ன பார்க்கப் போகிறார்கள் என்பதையும் சொல்லிவிடுகிறேன், இதற்காகத்தான் இத்தனை பாடு. அங்கே மானும் பன்றியும் நுழையாதபடி வேலி போட்டுக் களையெடுத்துக் காக்கும் புதர்க்காடு இருக்கிறது. அதில் தாழை. ஆம், வாக்குவா என்ற ஊர்ப்பெயரே தாழையைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்ததுதான். தாழையின் முள்விளிம்பு இலைகளுக்கு இடையில் பச்சைப் பல்லி குடியிருக்கும். பக்கத்தில் ட்ரோகேசியா என்ற செடி, 1992இல் தேசிய மலராக அறிவிக்கப்பட்ட பூவின் நெருங்கிய உறவு. பூத்திருந்தால் மணிபோலக் கவிழ்ந்த பூவை வழிகாட்டி லேசாக நிமிர்த்திக் காட்டுவார், உள்ளே நிறமுள்ள தேன் துளியாக நிற்கும். பொதுவாகப் பூந்தேனுக்கு நிறமே கிடையாது. இந்தத் தேனைக் குடிக்க வருவது பல்லி, மகரந்தம் அதன் தலையில் ஒட்டிக்கொண்டு அடுத்த பூவுக்குப் போகிறது. தாழைக்கு அருகில் நிற்கும் செடிக்குப் பல்லி வரத்து கூடுதல், காய்ப்பும் கூடுதல் என்று ஆய்வாளர்கள் பெத்ரேனிலேயே கண்டிருக்கிறார்கள். தாழையை வெட்டினால் பக்கத்துச் செடியின் காய்ப்பு குறையும் என்பதைப் பிள்ளைகள் கண்ணால் பார்த்துப் புரிந்துகொள்ளட்டும். வாய்த்தால் இளஞ்சிவப்புப் புறாவும் கண்ணில் படும். 1991இல் காட்டில் 10 மட்டுமே மிஞ்சியிருந்த பறவை, இன்று நூற்றுக்கணக்கில் இருக்கிறது.

ஒவ்வொரு பிள்ளையும் சிறு நோட்டும் பென்சிலும் கொண்டுவர வேண்டும். பேனா மை ஈரத்தில் கலையும். கிரியோலில் கேட்கும் பெயருக்கு எதிரே தமிழ்ப் பெயர் எழுதுவதுதான் அன்றைய வேலை: கஸ்காட் என்றால் அருவி, எபேன் என்றால் கருங்காலி. தெரியாத பெயரை வெற்றிடமாக விடலாம், தாத்தா பாட்டியிடம் கேட்டு நிரப்பட்டும். கைபேசி வேண்டாம். பள்ளத்தாக்கு ஓரங்களில் சிக்னல் விட்டுவிட்டுத்தான் கிடைக்கும், தொலைந்தால் பொறுப்பேற்க முடியாது. ஆசிரியர்களின் எண்கள் ஒப்புதல் தாளின் பின்பக்கம் உள்ளன.

மழை பற்றி: வெள்ளிக்கிழமை மாலை வாக்குவா வானிலை நிலையத்தின் அறிவிப்பைப் பார்த்து 5:00 மணிக்குள் பெற்றோர் குழுவில் செய்தி போடுவோம். கனமழை எச்சரிக்கை இருந்தால் பயணம் செப்டம்பர் 12க்குத் தள்ளிப்போகும். தூறலுக்காகத் தள்ளிப்போடமாட்டோம், தூறல் இல்லாத பிளேன் ஷாம்பாஞ்சுக்குக் காத்திருந்தால் பிள்ளைகள் கல்லூரி முடித்துவிடுவார்கள்.

கட்டணம் ரூ. 300, பேருந்துக்கும் வழிகாட்டிகளுக்கும் சேர்த்து. மூன்று பிள்ளைகள் இங்கே படிக்கும் வீட்டுக்கு மூன்றாம் பிள்ளைக்குக் கட்டணம் இல்லை. பணம் சிரமம் என்றால் என்னிடம் நேரில் ஒரு வார்த்தை சொல்லுங்கள், அது வெளியே போகாது. ஒப்புதல் தாள் கையெழுத்தோடு ஆகஸ்ட் 28க்குள் வகுப்பாசிரியர் கையில் சேர வேண்டும். பிள்ளையை மாலை அழைத்துப்போக வருபவர் யார் என்ற இடத்தைச் சென்ற முறை பலர் நிரப்பாமல் விட்டிருந்தீர்கள். அந்தப் பெயர் இல்லாமல் யாரிடமும் பிள்ளையை ஒப்படைக்கமாட்டோம்.

அன்புடன்,
தலைமையாசிரியர்