சென்னா ஆவணப்படத்தில் வர்ணனையாளர்களின் குரல்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ஃபார்முலா ஒன் வீரர் அயர்டன் சென்னாவைப் பற்றி ஆசிஃப் கபாடியா இயக்கி, 2010இல் வெளியான ஆவணப்படம் குறித்துத் தங்கள் இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். பழைய காட்சிகளைத் தேடித் தொகுத்த உழைப்பை விரிவாகப் பாராட்டிய கட்டுரையாளர், அவற்றின் மேல் ஒலிக்கும் வர்ணனையாளர்களின் குரல்களை ஒரே வரியில் கடந்துவிட்டது எனக்குக் குறையாகப் பட்டது.

இப்படத்தில் கதைசொல்லி என்று தனியாக ஒருவர் இல்லை. நினைவுகூர்ந்து பேசுவோரின் இன்றைய முகங்களும் திரையில் வருவதில்லை. ஆகவே, பந்தயம் அறியாத பார்வையாளருக்கு நடப்பதை விளக்கும் பொறுப்பில் பெரும்பங்கு, பிரேசிலின் குளோபோ தொலைக்காட்சியைச் சேர்ந்த ரெஜினால்டோ லெமே, அமெரிக்காவின் இஎஸ்பிஎன்னில் பணியாற்றிய ஜான் பிசிக்னானோ ஆகியோரிடம் வந்து சேர்கிறது. 1991 மார்ச்சில் பிரேசிலின் இன்டர்லாகோஸ் களத்தில் நடந்த பந்தயத்தில், கியர்கள் ஒவ்வொன்றாகக் கைவிட, கடைசிச் சுற்றுகளை ஆறாவது கியரிலேயே ஓட்டிய சென்னா, போட்டி வீரர் பட்ரேசேயை விட மூன்று விநாடிக்கும் குறைவான இடைவெளியில் முன்னதாக முடித்து, சொந்த நாட்டில் முதன்முறையாக வென்றார். வெளியிலிருந்து பார்ப்பவருக்குக் கார் ஓடிக்கொண்டிருப்பது மட்டுமே தெரியும். உள்ளே நடந்த போராட்டம், அறிந்தவர் எடுத்துச் சொன்னால்தான் விளங்கும்.

அதே காரணத்தால், யாரைப் பேச வைப்பது என்பது யார் பக்கம் நிற்பது என்பதாகவும் ஆகிவிடுகிறது. சென்னாவை நெருங்கி அறிந்த பிரேசில்காரரான லெமேயின் பரிவு படத்துக்கு உயிரூட்டுகிறது. ஓரளவு சாய்வையும் தருகிறது. 1989இல் ஜப்பானின் சுசூகா பந்தயக்களத்தில், தம் முக்கியப் போட்டியாளரான பிரெஞ்சு வீரர் அலைன் ப்ராஸ்டுடன் மோதிய பிறகும் முதலாவதாக வந்த சென்னா தகுதிநீக்கம் செய்யப்பட்டது கொதிப்பூட்டும் கதைதான். ஆனால் 1990இல் அதே சுசூகாவின் முதல் வளைவில் ப்ராஸ்டுடன் மீண்டும் நிகழ்ந்த மோதல் வேண்டுமென்றே செய்தது என்று சென்னாவே மறு ஆண்டு ஒப்புக்கொண்டார். படம் தம்மைச் சித்திரித்த விதம் குறித்து ப்ராஸ்ட் வெளிப்படையாகவே அதிருப்தி தெரிவித்ததில் நியாயம் இல்லாமல் இல்லை. இதற்கு லெமேயைக் குறைகூற மாட்டேன். தம் நினைவைச் சொல்பவர் தராசு பிடிக்க வேண்டியதில்லை, அது தொகுப்பவரின் வேலை.

இனி ஆவணப்படங்களைப் பற்றி எழுதும்போது, அவற்றில் பேசுவோர் யார், எந்த நாட்டுத் தொலைக்காட்சிக்காகப் பணியாற்றியவர்கள் என்ற விவரத்தையும் சேர்த்து வெளியிடுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் வாசகர்,
கோயம்புத்தூர்