ஊதியவர் பெயரையும் எழுதுங்கள்

தமிழ்த் திரைப்பாடல்களை வெளியிடும் இசை நிறுவனங்களுக்கும் இசையமைப்பாளர்களுக்கும்,

வணக்கம். நான் திருச்சிப் பக்கம் ஒரு மெல்லிசைக் குழுவில் புல்லாங்குழல் வாசிக்கிறவன். கோயில் திருவிழா, கல்யாண வரவேற்பு, பள்ளி ஆண்டு விழா என்று 22 வருஷமாக மேடை மேடையாக உங்கள் பாட்டுகளைத்தான் ஊதிக்கொண்டிருக்கிறேன். சாயந்திரம் வீட்டில் நாலைந்து பிள்ளைகளுக்குச் சொல்லியும் கொடுக்கிறேன். அதில் ஒரு பெண் கேட்ட கேள்விதான் இந்த மடலை எழுத வைத்தது.

போன மாதம் அவளுக்கு ஒரு பழைய பாட்டின் இரண்டாவது இடையிசையைச் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தேன். முப்பது விநாடிகூட வராத பிட். அதில் ஒரு இடத்தில் குழல் மேலே போய், மூச்சு முடியப்போகிறது என்று நாம் நினைக்கும்போது இன்னும் கொஞ்சம் நின்று, அப்புறம்தான் இறங்கும். அந்த இடம் அவளுக்கு வரவில்லை. பத்துத் தடவை முயன்றுவிட்டு, "இதை யார் மாஸ்டர் வாசிச்சது?" என்று கேட்டாள். நான் பதில் சொல்லவில்லை. அவளே போனை எடுத்துப் பார்த்தாள். இசையமைத்தவர் பெயர் இருந்தது. எழுதியவர், பாடிய இருவர், வெளியிட்ட நிறுவனம், வருஷம், எல்லாம் இருந்தன. குழல் வாசித்தவர் பெயர் மட்டும் இல்லை. அந்த பிட்டை நான் நூற்றுக்கணக்கான மேடையில் வாசித்திருக்கிறேன். எனக்கும் தெரியாது. அவள் முன்னால் அன்று எனக்கு உண்மையிலேயே வெட்கமாக இருந்தது.

அந்த முப்பது விநாடிக்குள் என்ன இருக்கிறது என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் இந்த மடலை வேறு பலரும் படிப்பார்கள், அவர்களுக்காகச் சொல்கிறேன். மூங்கில் குழலில் ஒவ்வொரு சுருதிக்கும் ஒரு குழல் வேண்டும். சுருதியின் உயரத்தைக் கட்டைக் கணக்கில்தான் சொல்வோம்; ஒரு கட்டைக்கு நீளமான குழல், ஐந்து கட்டைக்குக் குட்டைக் குழல். ஸ்டுடியோவுக்குப் போகிற கலைஞர் ஒரு பை நிறையக் குழல்களோடுதான் போவார். என்ன சுருதி என்பது பெரும்பாலும் அங்கே போன பிறகுதான் தெரியும். ஏசி அறையில் மூங்கிலும் அதற்குள் இருக்கும் காற்றும் குளிர்ந்துபோகும். அந்தக் காற்று 10 டிகிரி குளிர்ந்தால் சுருதி அரைக்கட்டையில் கால் பங்குக்கு மேல் இறங்கிவிடும். அதனால் டேக் வருவதற்கு முன் குழலை ஊதி ஊதிச் சூடாக்கி வைத்திருப்பார்கள். எதிரே வயலின்கள் சரியான சுருதியில் காத்திருக்கும். வந்த வித்தியாசத்தை உதட்டைக் கொஞ்சம் திருப்பிச் சரிசெய்ய வேண்டும். குழலில் சாவி கிடையாது, ஸ்வரத்தை அசைத்து இழைக்கும் கமகம் முழுக்க விரலிலும் உதட்டிலும்தான். தாளில் எழுதியிருப்பது எட்டு ஸ்வரம் என்றால், அதற்கு இடையில் இருக்கும் வழுக்கல், மூச்சு, ஒரு ஸ்வரத்தை விட மனமில்லாமல் விடுவது, இதையெல்லாம் எந்தத் தாளும் சொல்லாது. இசையமைப்பாளர் மனதில் கேட்டதைக் காற்றில் கொண்டுவந்தவர் அந்தக் கலைஞர்தான்.

இசையமைப்பாளரின் பெருமையை இதனால் குறைத்துச் சொல்லவில்லை. அந்த இடத்தில் குழல்தான் வர வேண்டும் என்று முடிவெடுப்பதே பெரிய வித்தை. ஆனால் பாடகருக்கும் மெட்டு சொல்லிக்கொடுக்கப்படுகிறது, அவர் பெயரைப் போடுகிறோம் இல்லையா? குழலும் அப்படித்தானே?

நமக்குப் பெயர் தெரிந்த இடங்களைப் பாருங்கள். 1988இல் வந்த 'நத்திங் பட் விண்ட்' தொகுப்பில் இளையராஜாவோடு ஹரிபிரசாத் சௌராசியா குழல் வாசித்தார், அது ஊருக்கே தெரியும், ஏனென்றால் உறையிலேயே இருந்தது. 1995இல் வந்த 'பம்பாய்' படத்தின் கருவியிசையில் உருகும் குழல் நவீன் குமாருடையது. 90களில் ஏ.ஆர்.ரகுமான் தன் ஆல்பங்களின் உறைகளில் வாத்தியக் கலைஞர்கள், சவுண்ட் இன்ஜினியர்கள் பெயரை அச்சிட்டது எங்களைப் போன்றவர்களுக்கு எவ்வளவு பெரிய விஷயம் தெரியுமா? அந்தச் சின்ன எழுத்தைக் கண்ணுக்குப் பக்கத்தில் வைத்துப் படித்திருக்கிறேன். நவீன் என்ற பெயரே எனக்கு அப்படித்தான் அறிமுகம். இப்போது உறையும் இல்லை, எழுத்தும் இல்லை. கேசட்டில் கிடைத்த மரியாதை போனில் காணாமல் போய்விட்டது.

இன்னொன்று. அருண்மொழி என்ற பாடகரை எல்லோருக்கும் தெரியும். அவர்தான் இளையராஜா குழுவில் வாசித்த புல்லாங்குழல் கலைஞர் நெப்போலியன் என்பது எத்தனை பேருக்குத் தெரியும்? ஒரே மனிதர், ஒரே மூச்சு. பாடினால் பெயர் வருகிறது, ஊதினால் வருவதில்லை. அதே குழுவில் நீண்ட காலம் வாசித்த சுதாகரின் பெயர் இசைக்குழுக்காரர்களுக்குத் தெரியும், பாட்டைக் கேட்கிற லட்சக்கணக்கானவர்களுக்குத் தெரியாது. இதில் எந்த நியாயமும் எனக்குத் தெரியவில்லை.

சீட்டியடிப்பவர்கள் நிலைமை இன்னும் மோசம். சீட்டி ஒரு வாத்தியமாகவே கணக்கில் வருவதில்லை. ஆனால் இத்தாலியில் என்னியோ மோரிகோனே 60களில் கௌபாய் படங்களுக்கு இசையமைத்தபோது அந்தச் சீட்டியை அடித்தவர் அலெஸ்ஸாண்ட்ரோ அலெஸ்ஸாண்ட்ரோனி என்று உலகமே சொல்கிறது. மோரிகோனேயின் பால்ய நண்பர், கிட்டார் வாசிப்பவர். பாலைவனத்தில் தனியாக ஒரு ஆள் குதிரையில் வருவதை அந்தச் சீட்டியில்லாமல் நினைத்துப் பார்க்க முடியாது. நம் பாட்டுகளிலும் காதலன் தெருவில் நடந்து வரும்போது சீட்டி வரும். யார் அடித்தது என்று கேட்டால் பதில் இல்லை.

நம் வழக்கம் இப்படி இருந்ததில்லை. சிலப்பதிகாரத்தில் மாதவி அரங்கேறுவதற்கு முன்னால் இளங்கோவடிகள் என்ன செய்கிறார்? ஆடலாசிரியன், இசையாசிரியன், பாட்டெழுதும் புலவன், தண்ணுமை என்ற தோற்கருவி வாசிப்பவன், குழலோன், யாழ் ஆசிரியன் என்று ஒவ்வொருவருக்கும் தனித்தனியாக அடிகள் ஒதுக்கி, அவரவர் திறமை என்ன என்று விவரமாகச் சொல்கிறார். ஆட்டம் அதற்கு அப்புறம்தான். அரங்கேற்று காதையைப் படிக்கும்போதெல்லாம் இதைவிட நல்ல டைட்டில் கார்டு தமிழில் வந்ததில்லை என்று தோன்றும்.

இனி சட்டத்துக்கு வருகிறேன், ஏனென்றால் இது மரியாதை சம்பந்தப்பட்டது மட்டும் இல்லை. 2012இல் பதிப்புரிமைச் சட்டம் திருத்தப்பட்டபோது 38ஆ என்ற பிரிவு சேர்ந்தது. நிகழ்த்திய கலைஞருக்குத் தன்னை நிகழ்த்தியவராக அடையாளம் காட்டக் கேட்கும் உரிமை உண்டு என்கிறது அது. வணிகப் பயன்பாட்டுக்கு ராயல்டியும் பக்கத்துப் பிரிவிலேயே இருக்கிறது. ஆனால் அதே திருத்தத்தில், நிகழ்த்துபவர் யார் என்ற விளக்கத்தோடு ஒரு வரி சேர்த்தார்கள். ஒரு படத்தில் ஒருவரின் பங்கு தற்செயலானதாகவோ சில்லறையானதாகவோ இருந்து, தொழில் வழக்கப்படி டைட்டில் உட்பட எங்கும் அவர் பெயர் குறிப்பிடப்படுவதில்லை என்றால், அவர் நிகழ்த்துபவராகக் கருதப்பட மாட்டார். தன் நிகழ்ச்சியைச் சிதைக்கக் கூடாது என்று கேட்கும் உரிமை மட்டும்தான் அவருக்கு மிஞ்சும். பாட்டின் நடுவில் வரும் குழல் சில்லறை வேலை இல்லை என்று நான் உறுதியாகச் சொல்வேன். ஆனால் வழக்கம் என்ற சொல்லைப் பாருங்கள். பெயர் போடாத வழக்கத்தை நீங்களே வளர்த்துவிட்டால், நாளைக்கு அதையே காட்டி அந்தக் கலைஞருக்கு உரிமை இல்லை என்று ஒருவர் வாதாட வழி கிடைத்துவிடுகிறது. ஒரு பெயரை விடுவது அவ்வளவு தூரம் போகும்.

இடமில்லை என்றும் சொல்ல முடியாது. டிஜிட்டல் தளங்களுக்குப் பாட்டை அனுப்பும்போது கூடவே போகும் தகவலில், யார் எந்த வாத்தியம் வாசித்தார் என்று குறிக்க வழி இருக்கிறது. அதை வெறுமையாக விட்டு அனுப்பாதீர்கள் என்பதுதான் நான் கேட்பது. ரெக்கார்டிங் முடிந்த அன்றே ஸ்டுடியோவில் ஒருவர் ஐந்து நிமிஷம் உட்கார்ந்தால் முடிகிற வேலை. கீபோர்டில் சாம்பிள் வைத்து வாசித்திருந்தால் அதையும் அப்படியே எழுதுங்கள், தப்பில்லை. பிள்ளைகளுக்கு எது மூச்சு, எது மெஷின் என்றாவது தெரியும்.

பழைய பாட்டுகள்தான் எனக்குப் பெரிய கவலை. 70களிலும் 80களிலும் வாசித்தவர்களில் சிலர் இன்னும் நம்மோடு இருக்கிறார்கள். எந்தப் பாட்டில் யார் ஊதினார்கள் என்பது அவர்கள் ஞாபகத்தில் இருக்கிறது, கூட வாசித்த வயலின்காரர்கள், தபேலாக்காரர்கள் ஞாபகத்தில் இருக்கிறது. சென்னையில் இருக்கும் இசைக் கலைஞர்கள் சங்கத்தோடு உட்கார்ந்து, பாட்டைப் போட்டுக் காட்டி, இது நீங்களா என்று கேட்டு எழுதிக்கொள்ளுங்கள். இதைத் தள்ளிப்போட முடியாது. வயதானவர்கள்.

என்னிடம் ஒரு கோடுபோட்ட நோட்டு இருக்கிறது. சீனியர் கலைஞர்கள் யாரையாவது கச்சேரிகளில் சந்திக்கும்போது கேட்டு, அவர்கள் சொன்னதை அதில் எழுதி வைத்திருக்கிறேன். பாட்டு, வாசித்தவர், சொன்னவர், தேதி. நாற்பத்தொரு பாட்டுகள் சேர்ந்திருக்கின்றன. அந்தப் பெண் கேட்ட பாட்டு அதில் இல்லை. நோட்டை நகலெடுத்துத் தருகிறேன், சரிபார்த்துக்கொள்ளுங்கள். யாரிடம் அனுப்ப வேண்டும் என்று மட்டும் சொல்லுங்கள்.

அன்புடன்,
ஒரு மெல்லிசைக் குழுவின் புல்லாங்குழல்காரன்,
திருச்சி