அந்தப் படங்களையும் போடுங்க சார்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்,

அமெரிக்காவுல கறுப்பின மக்கள் வாழுற ஏரியான்னாலே நம்ம பேப்பர்ல வர்ற போட்டோ போலீஸ் ஜீப்பு, எரிஞ்ச கடை, இல்லன்னா அழுதுட்டு நிக்கிற ஒரு அம்மா, இவ்வளவுதான். ரொம்ப நாளா உறுத்திக்கிட்டே இருக்கு, அதான் எழுதுறேன்.

அமெரிக்காவுல பிட்ஸ்பர்க் நகரத்துல ஹில் டிஸ்ட்ரிக்ட்னு கறுப்பின மக்கள் வாழுற ஒரு பகுதி இருக்கு. சார்லஸ் 'டீனி' ஹாரிஸ் அந்த மண்ணோட ஆளு, 1908ல பொறந்தவர். கறுப்பின மக்களே நடத்தின 'பிட்ஸ்பர்க் கூரியர்' பேப்பருக்கு பல வருஷம் போட்டோகிராபரா இருந்தார். ஒரே ஒரு கிளிக்ல படத்தை முடிச்சிட்டு கிளம்பிடுவாராம், அதனால ஊர் மேயரே அவருக்கு 'ஒன் ஷாட்'னு பட்டப்பேர் வச்சிட்டார். முகமது அலி தன்னோட அம்மாவ கையில தூக்கி வச்சிருக்கிற படம் இவர் எடுத்ததுதான், ஆனா எனக்கு அதைவிட பெருசா படுறது மத்ததெல்லாம், கல்யாண வீடு, சலூன், பேஸ்பால் ஆடுற பசங்க, சர்ச்சுக்கு நல்ல டிரெஸ் போட்டுட்டுப் போற குடும்பம்னு அக்கம்பக்கத்து சனங்களை அவ்வளவு மரியாதையோட எடுத்திருக்கார். சொந்தக்கார வீட்டு ஆல்பம் பாக்குற மாதிரியே இருக்கும்.

1950கள் கடைசியில அந்த ஏரியாவோட கீழ்ப்பகுதியை இடிச்சு சுமார் 8,000 பேரை காலி பண்ண வச்சு ஒரு பெரிய அரங்கம் கட்டுனாங்க, இப்ப அந்த அரங்கமும் இல்ல, இடிச்சாச்சு. அந்தத் தெருவுல யாரு கடை வச்சிருந்தா, புள்ளைங்க எங்க விளையாடுச்சுன்னு பாக்கணும்னா இவரு படத்தைத்தான் பாக்கணும்.

கிட்டத்தட்ட 80,000 நெகட்டிவ் சார்! 2001ல பிட்ஸ்பர்க்ல இருக்கிற கார்னகி கலை மியூசியம் வாங்கிப் பாத்தா முக்காவாசில யாரு என்னன்னு ஒரு குறிப்பும் இல்ல. அப்புறம் அந்த ஊர் பெரியவங்ககிட்ட படத்தைக் காட்டிக் காட்டி, இது யாரு, இது எந்த வீடுன்னு கேட்டு ஒவ்வொரு பேரா சேர்த்தாங்க. இதைப் படிச்சப்போ எனக்கு கண்ணு கலங்கிடுச்சு.

அதனால கேக்குறேன் சார், அடுத்த தடவை ஹார்லெம், சிகாகோன்னு எதாவது கலவரச் செய்தி போட்டா, அந்த ஏரியாவுலயே பொறந்து வளந்த ஒரு போட்டோகிராபர் எடுத்த சாதாரண நாள் படம் ஒண்ணையும் பக்கத்துல போடுங்க. படத்துல இருக்கிறவங்க பேரு கிடைச்சா கீழ அதையும் போடுங்க.

இப்படிக்கு,
உங்க நெடுநாள் வாசகன்,
திண்டுக்கல்