சென்னையில் இருக்கும் மகனுக்கு

அன்புள்ள தம்பி,

அப்பாவின் கால் வீக்கம் வற்றிவிட்டது. கிணற்றடி வேலியும் அடைத்தாயிற்று. நீ போன் எடுக்காததால்தான் எழுதுகிறேன்.

உன் படத்தைச் சின்ன மாமியின் மகள் போட்டுக் காட்டினாள். யாழ்ப்பாணம் பண்ணைக் கடற்கரையில் அந்தக் கிழவர் வலையைச் சிக்கெடுக்கிற இடம் எவ்வளவு வடிவு! என் பிள்ளை எடுத்தது என்று அயலெல்லாம் சொல்லிவிட்டேன். கடைசியில் இசை என்ற இடத்தில் வேறு யாருடையவோ பெயர் வந்தது. ஏன் என்று நான் கேட்கவில்லை.

சென்னை வெக்கைக்கு உன் வீணையில் மெட்டுக் கம்பிகளைப் பதித்திருக்கிற மெழுகு இளகிவிடும். யன்னல் பக்கம் வைக்காதே. ஒரு கம்பி அசைந்தாலும் சுருதி சேராது.

போன தரம் கதைக்கும்போது, "படம், வீணை இரண்டையும் ஒரு ஆள் ஒழுங்காகச் செய்ய ஏலாது அம்மா" என்றாய். வீணை எஸ். பாலச்சந்தரை மறந்துவிட்டாயா? நான் மருதனார்மடத்தில் சங்கீதம் படித்த காலத்தில் எங்களுக்கு அவர் வீணைக்காரர் மட்டும்தான். படமெடுத்தவர் என்று பிறகுதான் அறிந்தேன். 1954இல் ஏவி.எம்.முக்கு 'அந்த நாள்' எடுத்தார். ஒரு கொலை, அதை ஆளுக்கொரு விதமாகச் சொல்கிறார்கள். சிவாஜி நடித்தும் ஒரு பாட்டுக்கூடக் கிடையாது. பாட்டுக்காகவே சனம் படம் பார்த்த காலத்தில் அதைத் துணிந்து செய்தவர் ஒரு சங்கீதக்காரர். எந்த இடத்தில் இசை வேண்டாம் என்று காது பழகினவருக்குத்தானே தெரியும்? பத்து வருடம் கழித்து 'பொம்மை'யில் இயக்கம், இசை, நடிப்பு எல்லாம் அவரே. யேசுதாஸ் தமிழில் பாடி முதலில் வெளிவந்த பாட்டு அந்தப் படத்தில்தான். அப்புறம் சினிமாவை விட்டார், வீணையை விடவில்லை. 1990இல் பிலாயில் உயிர் போனதும் கச்சேரிக்குப் போன இடத்தில்தான். குரு இல்லாமல் தானாகவே பழகினவர் அவர். உனக்குச் சின்ன வயதிலிருந்து நான் பக்கத்தில் இருந்தேன்.

கோபத்தில் எழுதவில்லை, ராசா. நேரத்துக்குச் சாப்பிடு. எடிட்டிங் என்று விடிய விடிய முழித்திராதே. வீணையை உறையில் போட்டு வை, யன்னல் பக்கம் வேண்டாம்.

உன் கூட்டாளி ஒருவனை நல்லூரில் கண்டேன். கமரா வாடகைக்கு நீ பட்ட பாட்டைச் சொன்னான். இன்னொன்றும் சொன்னான், அதை நான் எழுதவில்லை. போன கிழமை சீட்டுக்காசு கிடைத்தது. மாமா வருகிற மாதம் பலாலியிலிருந்து பிளேனில் சென்னைக்கு வருகிறார், அவரிடம் கொடுத்துவிடுகிறேன். அப்பாவுக்குத் தெரியாது. எதையாவது அடகு வைத்திருந்தால் முதலில் அதை மீட்டுவிடு. விற்றிருந்தாலும் பரவாயில்லை, சொல், வேறொன்று பார்த்து வாங்கலாம். போனை மட்டும் எடு.

அம்மா