சீரியலுக்குச் சரி என்று சொல்லிவிடு

அன்புள்ள கண்ணம்மாவுக்கு,

தொலைக்காட்சித் தொடருக்குக் கேமராமேனாகக் கூப்பிடுகிறார்கள், போகலாமா என்று கேட்டிருந்தாய். போ. 7 வருடமாக அடுத்தவர் ஷாட்டுக்கு ஃபோகஸ் பிடித்தது போதும்.

சீரியலுக்குப் போனவரைச் சினிமாவில் மதிக்க மாட்டார்கள் என்று உன் வயதில் நானும் பயந்தேன். வந்த வாய்ப்பை விட்டுவிட்டு 2 வருடம் வீட்டில் உட்கார்ந்திருந்தேன். அது இன்னும் உறுத்துகிறது. பிறகு போனபோது, சினிமாவில் கற்காததை அங்கே கற்றேன். மூன்று கேமரா சேர்ந்து ஓடும். ஒன்றுக்கு அழகாக விழும் வெளிச்சம், அடுத்ததில் மூக்கு நிழலைக் கன்னம் வரை இழுத்துவிடும். ஷாட்டுக்கு ஷாட் விளக்கை மாற்ற நேரம் தர மாட்டார்கள்.

அப்போது கைகொடுத்தது, சத்யஜித் ராயின் கேமராமேன் சுப்ரதா மித்ராவின் வழி. 1956-ல் வந்த ராயின் ‘அபராஜிதோ’ படத்துக்காகக் காசி வீட்டு முற்றத்தை ஸ்டுடியோவுக்குள் செட் போட்டார்கள். திறந்த வானத்து வெளிச்சம் உள்ளே எப்படி வரும்? மேலே வெள்ளைத் துணியை விரித்துக் கட்டி, கீழிருந்து அதன் மேல் விளக்கடித்தார் அவர். பட்டுத் திரும்பிய வெளிச்சம் முற்றத்தில் மெத்தென்று இறங்கியது. நானும் செட்டில் அப்படித்தான் துணி கட்டினேன். மூன்று கேமராவுக்கும் ஒத்து வந்தது. ஆனால் அதோடு விட்டால் முகம் தட்டையாகிவிடும். ஜன்னல் பக்கமிருந்து ஒரு விளக்கு கொஞ்சம் தூக்கலாக இருக்கட்டும்.

அசிஸ்டென்ட்டாக இருந்தபோது, காலி என்று நினைத்து, எடுத்து முடித்த மேகசினை, அதாவது கேமராவின் ஃபிலிம் பெட்டியை, வெளிச்சத்தில் திறந்துவிட்டேன். 400 அடி நெகட்டிவ், ஏறக்குறைய நாலரை நிமிடம், போயே போச்சு. கை நடுங்க கேமராமேனிடம் போய்ச் சொன்னேன். அவர் திட்டவில்லை. “நடிகர் மேக்கப்பைக் கலைக்கிறதுக்குள்ள ஓடு, அவரை நிறுத்து” என்றார். மறுபடி எடுத்தோம். நாளைக்கு உன் யூனிட்டில் யாராவது மெமரி கார்டைத் தவறி அழித்துவிட்டால், அந்த நிமிடமே உன்னிடம் வந்து சொல்ல அவர்களுக்குத் தைரியம் இருக்க வேண்டும் கண்ணம்மா.

கையெழுத்துப் போடும் முன் ஒன்று பேசிவிடு. அன்றைய படப்பிடிப்பு முடியும் பேக்கப்புக்கும் மறுநாள் முதல் ஷாட்டுக்கும் நடுவே எத்தனை மணி நேரம்? 1997-ல் அமெரிக்காவில், நீண்ட படப்பிடிப்பு முடிந்து வீட்டுக்குக் கார் ஓட்டிப்போன உதவி கேமராமேன் ஒருவர் வழியில் கண்ணயர்ந்து இறந்துபோனார். அதற்குப் பிறகுதான் ஹாலிவுட் கேமராமேன் ஹாஸ்கெல் வெக்ஸ்லர் 12 மணி நேரம் வேலை, 12 மணி நேரம் ஓய்வு என்று போராடினார். ராத்திரி நேரமாகிவிட்டால் நீ வண்டி எடுக்காதே. கம்பெனி வண்டியைக் கேட்டு வாங்கு.

அன்புடன்,
அப்பா