ஆண்டறிக்கை: டெபோரா காரின் திரைவாழ்க்கையோடு ஓர் ஆண்டு

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, செயற்குழுவினரே, திரைப்படக் கழக உறுப்பினர்களே, அனைவருக்கும் வணக்கம்.

சென்ற பொதுக்குழுவில் முடிவு செய்தபடி, இவ்வாண்டுத் திரையிடல்கள் அனைத்தையும் ஸ்காட்லாந்தில் பிறந்த நடிகை டெபோரா காருக்கே ஒதுக்கினோம். ஒரே நடிகைக்கு முழு ஆண்டா என்று தயங்கிய உறுப்பினர்கள் உண்டு. படங்களை வெளிவந்த வரிசையிலேயே பார்த்தது அந்தத் தயக்கத்தைப் போக்கியது.

1921 செப்டம்பர் 30 அன்று கிளாஸ்கோவில் பிறந்த டெபோரா முதலில் பயின்றது பாலே நடனம். லண்டன் சாட்லர்ஸ் வெல்ஸ் மேடையில் குழு நடனமும் ஆடியிருக்கிறார். ‘மேஜர் பார்பரா’ (1941) படத்தில் சிறு வேடம். இரண்டே ஆண்டுகளில் ‘கர்னல் பிளிம்ப்’ படத்தில் மூன்று வேடம். ஒரு படைவீரனின் நாற்பதாண்டு வாழ்க்கையில் வெவ்வேறு காலங்களில் எதிர்ப்படும் மூன்று பெண்களையும், இருபதைச் சற்றே தாண்டிய வயதில் அவரே நடித்தார். முகம் ஒன்றாக இருந்தும் ஆள் வேறு என்று நம்மை நம்ப வைத்துவிடுகிறார்.

உறுப்பினர்கள் அதிகம் விவாதித்தது ‘பிளாக் நார்சிசஸ்’ (1947). கதை இமயமலை மடம் ஒன்றில் நடக்கிறது. படப்பிடிப்போ முழுக்க இங்கிலாந்தில். பனிமலைகள் எல்லாம் ஓவியமும் ஸ்டுடியோ வேலையும்தான். தலைமைக் கன்னியாஸ்திரீ கிளோடாவாக வரும் டெபோராவுக்கு முக்காட்டுக்கு வெளியே தெரிவது முகம் மட்டுமே. இரவில் ஒரு மேசை. எதிரே அமர்ந்த சக கன்னியாஸ்திரீ ரூத் வேண்டுமென்றே உதட்டுச் சாயம் பூசுகிறாள். கிளோடா பைபிளைத் திறக்கிறாள். இடையே மெழுகுவத்தி கரைகிறது. கோபமும் அச்சமும் பழைய காதலின் நினைவும் அந்தக் கண்களில் மட்டும் வந்து போகின்றன. பொங்கி அழுவதுதான் நடிப்பு என்று பழகிய நமக்கு, அடக்கி வைப்பதன் வலிமையைக் காட்டிய காட்சி இது.

அதே ஆண்டு ஹாலிவுட் அவரை அழைத்துக்கொண்டது. எம்.ஜி.எம். படத்தயாரிப்பு நிறுவனம் பெரும்பாலும் அடக்கமான கண்ணியவதி வேடங்களையே தந்தது. ‘குவோ வாடிஸ்’ போன்ற பிரம்மாண்டப் படங்களில் அவருக்குச் செய்ய அதிகமில்லை. அந்த அச்சை உடைத்தது 1953இல் வந்த ‘ஃப்ரம் ஹியர் டு எடர்னிட்டி’. முதலில் நடிகை ஜோன் கிராஃபோர்டுக்கென்று பேசப்பட்ட, கணவனிடம் வெறுப்புற்ற ராணுவ அதிகாரியின் மனைவி வேடம் இவருக்கு வந்தது. ஹவாய்க் கடற்கரையில் நடிகர் பர்ட் லங்காஸ்டருடன் அவர் நடித்த முத்தக் காட்சி அனைவரும் அறிந்ததே. அதைத் தொடர்ந்து மணலில் அமர்ந்து தன் கடந்த காலத்தை அவர் சொல்லும் பகுதியே என் மதிப்பில் உயர்ந்தது.

‘தி கிங் அண்ட் ஐ’ (1956) படத்தில் அவருக்குப் பெரும்பாலும் பாடியவர் மார்னி நிக்சன். பின்னணிப் பாடகருக்குத் திரையில் பெயர் போடாத ஹாலிவுட்டில், நிக்சனின் பங்கை டெபோரா தாமே வெளிப்படையாகச் சொன்னார். இந்தப் பண்பை இங்கே பதிவு செய்வது என் கடமை.

ஆண்டின் சிறந்த திரையிடல் ‘தி இன்னசென்ட்ஸ்’ (1961). ஒளிப்பதிவாளர் ஃபிரெடி ஃபிரான்சிஸ் கேமரா ஃபில்டர்களின் ஓரங்களில் வண்ணம் தீட்டி, அகன்ற திரையின் இரு பக்கங்களையும் இருளச் செய்தார். அந்த இருளுக்குள் மெழுகுவத்திகளை ஏந்தி டெபோரா நடந்தபோது அரங்கில் இருமல் சத்தம்கூட இல்லை.

சிறந்த நடிகைக்கான ஆஸ்கருக்கு ஆறு முறை பரிந்துரைக்கப்பட்டும் ஒருமுறைகூட வெல்லவில்லை. 1994இல்தான் கௌரவ ஆஸ்கர் வந்தது. சத்தமில்லாத நடிப்பைத் தேர்வாளர்கள் குறைத்து மதிப்பிட்டார்கள் என்பதே என் உறுதியான கருத்து. ‘தி அசாம் கார்டன்’ (1985) படத்தில் இந்திய நடிகை மதுர் ஜாஃப்ரியுடன் நடித்த அவர், 2007 அக்டோபர் 16 அன்று காலமானார்.

வரவு செலவுக் கணக்கைப் பொருளாளர் தனியே சமர்ப்பிப்பார். திரையிடலுக்கு உழைத்த அனைவருக்கும் நன்றி. டெபோரா நடித்த ‘தி சண்டௌனர்ஸ்’ படத்தை இவ்வாண்டு திரையிட இயலவில்லை. புதிய செயற்குழு அதை முதல் நிகழ்ச்சியாக எடுத்துக்கொள்ளப் பரிந்துரைத்து, இவ்வறிக்கையை ஏற்று நிறைவேற்றித் தருமாறு பொதுக்குழுவைக் கேட்டுக்கொள்கிறேன்.

செயலாளர்