படம் இடவலம் மாறியிருக்கிறது

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

ஞாயிறு இணைப்பில் 'இன்டர்நேஷனல் ஸ்வீட்ஹார்ட்ஸ் ஆஃப் ரிதம்' என்ற அமெரிக்கப் பெண்கள் ஜாஸ் குழுவைப் பற்றி வந்த கட்டுரை அருமை. ஆனால் உடன் வெளியான 1946-ஆம் ஆண்டுத் திரைப்படக் காட்சி இடவலம் மாறி அச்சாகியிருக்கிறது. டிரம்பெட் வாசிப்பவர் வால்வுகளை இடது கையால் அழுத்துகிறார். டிராம்போன்காரர் ஸ்லைடை இழுப்பதும் இடது கையால். ஒருவர் இடக்கையர் என்றால் நம்பலாம், வரிசை முழுக்கவா? சாக்ஸபோனைப் பார்த்தால் சந்தேகமே தீர்ந்துவிடும். இடது கை மேலே, வலது கை கீழே என்றுதான் அதன் சாவிகள் அமைந்திருக்கின்றன. மாற்றிப் பிடித்து வாசிக்க முடியாது.

பிழை உங்கள் அலுவலகத்தில் நேர்ந்திருக்காது. வில்லியம் அலெக்ஸாண்டர் தயாரித்த படத்தில் இக்குழு வாசித்த பாட்டுகள், 'சவுண்டீஸ்' என்ற மூன்று நிமிடத் துண்டுகளாக மதுக்கூடங்களிலும் ஓடின. அங்கிருந்த 'பானோராம்' என்ற திரையுள்ள பெட்டியில் 10 சென்ட் போட்டால் ஒரு பாட்டு. சுருளில் எட்டு இருக்கும். அடுத்தது எதுவோ அதைத்தான் பார்த்தாக வேண்டும். உள்ளே இருக்கும் 16 மி.மீ. ப்ரொஜெக்டரின் ஒளி கண்ணாடிகளில் பட்டுத் திரும்பி, திரையின் பின்புறத்தில் விழும். அந்த வழியில் பிம்பம் புரண்டுவிடும் என்பதால் பிரதியையே புரட்டி அச்சிட்டார்கள். அதைச் சாதாரண ப்ரொஜெக்டரில் ஓட்டினாலோ, அப்படியே ஸ்கேன் செய்தாலோ எல்லாரும் இடக்கையராகிவிடுவார்கள்.

சரிசெய்வது எளிது: கணினியில் படத்தைக் கிடைமட்டமாகப் புரட்டினால் போதும். ஆனால் கண்ணை மூடிக்கொண்டு புரட்டக் கூடாது. வீட்டு ப்ரொஜெக்டர்களுக்காக நேராக அச்சிட்ட பிரதிகளும் உண்டு. டிரம்பெட்காரரின் விரல்களைப் பார்த்து முடிவு செய்வதே பாதுகாப்பு. படத்தில் கிராண்ட் பியானோ தெரிந்தால் அதுவும் உதவும்: மூடியின் கீல் வாசிப்பவருக்கு இடப்பக்கம் இருக்க வேண்டும்.

ஒலியும் படமும் பொருந்தவில்லை என்று கட்டுரையாளர் குறைப்பட்டிருக்கிறார். 16 மி.மீ. பிரதியில் ஒலி, தனக்குரிய படத்துக்கு 26 ஃபிரேம் முன்னால் பதிவாகியிருக்கும். அதைக் கணக்கில் கொள்ளாமல் டிஜிட்டலாக்கினால் ஒரு விநாடிக்குச் சற்று அதிகமாகவே பிசகும். ஆரம்பம் முதல் முடிவு வரை ஒரே அளவு பிசகினால் காரணம் இதுதான். ஓரிரு இடங்களில் மட்டும் விரல் தப்பினால் அது அசலிலேயே உள்ளது. முன்பே பதிவான இசைக்கு வாசிப்பதுபோல் நடித்துப் படமெடுப்பது சவுண்டீஸின் வழக்கம்.

இன்னொன்று: குழுவில் இருந்தவர்கள் 'கறுப்பினப் பெண்கள் மட்டுமே' என்று கட்டுரை சொல்வது சரியல்ல. சாக்ஸபோன் வரிசையிலேயே சீன வம்சாவளியைச் சேர்ந்த வில்லி மே வாங், வெள்ளையரான ராஸ் க்ரான் இருவரும் இருந்தனர். இனப்பிரிவினைச் சட்டங்களுக்குப் பயந்து, அமெரிக்காவின் தென் மாநிலங்களில் க்ரான் முகத்தில் கருமை பூசிக்கொண்டு மேடையேற வேண்டியிருந்தது.

– வாசகர், மதுரை